எழுதுகோல் பிடித்த இயக்குநர்

திற்பரப்புக்கு வந்திருக்கிறீர்களா, வாசகர்களே? பேச்சிப்பாறை அணையைக் கடந்து வரும் கோதையாறு, குலசேகரத்துக்கு அருகே பாறைமீதிருந்து ஆர்ப்பரித்து விழும் இடம் அது. குடும்பம் குடும்பமாக நீராடுவோரின் ஆரவாரத்துக்கு நடுவே நின்று, ‘இரண்டு துளித் தண்ணீர்’ என்ற பெயரில் ஒருவர் ஏன் படம் எடுத்தார் என எண்ணினால் வியப்பாகத்தான் இருக்கும். ராஜஸ்தானத்துப் பாலைவனக் கிராமத்தின் தாகத்தையும், கால்வாய்ப் பணிக்குச் சென்ற உழைப்பாளியையும் காட்டிய ‘தோ பூந்த் பானி’ 1971இல் வெளிவந்தது. எடுத்தவர், மர்ஹூம் குவாஜா அஹ்மத் அப்பாஸ் அவர்கள்.

நம் ஏட்டில் திரைப்படமா என்று புருவம் உயர்த்தும் பெரியவர்கள் சற்றுப் பொறுத்தருள வேண்டும்.

1914இல் பானிப்பட்டில் பிறந்த அவர், ‘முஸத்தஸ்’ காவியம் இயற்றிய மௌலானா ஹாலி அவர்களின் வழித்தோன்றல். அலிகரில் சட்டம் பயின்று, 1935இல் ‘பம்பாய் கிரானிக்கல்’ நாளேட்டில் சேர்ந்தார். பிறர் படங்களுக்கு விமரிசனம் எழுதி வந்தவர், தாமே கதை எழுதத் துணிந்தார். அக்கதை ‘நயா சன்ஸார்’ என்னும் பெயரில் 1941இல் படமாயிற்று. வங்கப் பஞ்சத்தின் கொடுமையைச் சொன்ன ‘தர்த்தி கே லால்’ மூலம் 1946இல் இயக்குநரானார்.

ராஜ் கபூருக்கு அவர் எழுதிய ‘ஆவாரா’ (1951), ‘ஸ்ரீ 420’ (1955), ‘பாபி’ (1973) ஆகியவை நாடெங்கும் வெற்றிக்கொடி நாட்டின. தாமே இயக்கியபோதோ, 1954இல் பாடலே இல்லாத ‘முன்னா’வை எடுத்தார். பாட்டில்லாத இந்திப் படத்துக்கு யார் சீட்டு வாங்குவார்! பம்பாயில் வீடின்றித் தவிக்கும் இளந்தம்பதியரின் கதையான ‘ஷெஹர் அவுர் சப்னா’ (1963) குடியரசுத் தலைவரின் தங்கப் பதக்கம் பெற்றது.

ஆயினும் நம் இல்லங்களில் பேசப்பட வேண்டிய படம் ‘ஸாத் ஹிந்துஸ்தானி’ (1969) என்பேன். கோவாவைப் போர்த்துகீசியரிடமிருந்து மீட்கப் புறப்பட்ட எழுவரின் கதை அது. பெயரைக் கேட்டதுமே ஆளை எடைபோடும் வழக்கம் இந்நாட்டில் உண்டு; வாடகைக்கு வீடு தேடி அலைந்த நம்மவர் பலருக்கு அது புதிதன்று. அப்பாஸ் அவர்கள் அந்த வழக்கத்தைத் தலைகீழாக்கினார். அன்வர் அலி என்னும் முஸ்லிம் கவிஞராக நடித்தவர், அதுவரை எவரும் அறியாத அமிதாப் பச்சன். நிஜ வாழ்விலேயே அன்வர் அலி என்ற பெயருடைய நடிகரோ, ராம் பகத் சர்மா ஆனார்! வங்காளியாக வந்த மது, நம் நாகர்கோவில் கல்லூரிகளில் இந்தி கற்பித்த விரிவுரையாளர். இங்கே அவரிடம் இந்தி பயின்ற மாணவர்கள், தம் ஆசிரியரை வங்காளியாகத் திரையில் கண்டபோது என்ன நினைத்திருப்பார்கள்?

எத்தனை படங்கள் எடுத்தபோதும் எழுதுகோலை அவர் கீழே வைக்கவில்லை. ‘கிரானிக்கல்’ ஏட்டில் தொடங்கிய ‘கடைசிப் பக்கம்’ என்னும் பத்தியைப் பின்னர் ‘பிளிட்ஸ்’ வார ஏட்டில் தொடர்ந்தார். 1987 ஜூன் 1 அன்று அவர் மறையும் காலம்வரை அது வந்தது. இந்திய இளைஞன் ஒருவனையும் பாகிஸ்தானியப் பெண்ணையும் பற்றி அவர் எழுதிய கதை, நான்காண்டுகள் கழித்து ‘ஹென்னா’ என்ற பெயரில் ரந்தீர் கபூரின் இயக்கத்தில் திரைக்கு வந்தது.