வெள்ளித்திரையில் மூத்த பெண்மணிகள்



திரைப்படம் பார்க்கலாமா, கூடாதா என்பது இக்கட்டுரையின் பொருளன்று. திரையரங்கின் வாசலை மிதிக்காத குடும்பங்களிலும் தொலைக்காட்சி வழியாகவும் கைப்பேசி வழியாகவும் திரைப்படங்கள் நுழைந்துவிட்ட காலம் இது. அவற்றிலிருந்து நம் பிள்ளைகள் எதைக் கற்றுக்கொள்கிறார்கள் என எண்ணிப் பார்ப்பது நமது கடமையாகும். வயது முதிர்ந்த பெண்ணைத் திரை எவ்வாறு காட்டுகிறது என்பதை நீங்கள் கவனித்ததுண்டா?

தமிழ்ப் படங்களின் தாயை நாம் அனைவரும் அறிவோம். தையல் இயந்திரத்தை மிதித்து மகனைப் படிக்க வைப்பாள், இருமுவாள், அழுவாள், வாழ்த்துவாள், மகன் பழிவாங்கப் புறப்பட வேண்டும் என்பதற்காக உயிரையும் விடுவாள். அவளுக்கென்று ஒரு விருப்பமோ, ஒரு தோழியோ, ஒரு கருத்தோ இருப்பதாகக் கதை சொல்வதில்லை. தாயாக இல்லாவிட்டால் கொடுமைக்கார மாமியார். அதுவும் இல்லையேல், பொக்கை வாயால் சிரிப்பு மூட்டும் கிழவி. 1953ஆம் ஆண்டு வெளிவந்த ‘ஔவையார்’ படத்தில் கே.பி.சுந்தராம்பாள் ஏற்ற மூதாட்டி வேடம் கதைக்கே நாயகியாக விளங்கியது. அத்தகைய படங்கள் மிக அரிதாகவே வந்தன.

நடிகையருக்குத் திரை விதிக்கும் வயதுக் கணக்கோ விந்தையானது. 1975ஆம் ஆண்டு ‘அபூர்வ ராகங்கள்’ படத்தில் ரஜினிகாந்துக்கு மனைவியாகவும், வளர்ந்த பெண்ணுக்குத் தாயாகவும் ஸ்ரீவித்யா நடித்தபோது அவருக்கு வயது 22. பதினாறு ஆண்டுகள் கழித்து ‘தளபதி’யில் அதே ரஜினிகாந்துக்கு அவர் தாயானார். சிறுமியாக இருக்கும்போதே பெற்றெடுத்தவள் என்று கதை காரணம் கூறினாலும், உண்மையில் மகனைவிடத் தாய்க்கு வயது குறைவு! ‘அவர்கள்’ (1977) படத்தில் ரஜினிகாந்தின் மனைவியாக வந்த சுஜாதாவும் ‘பாபா’ (2002) படத்தில் அவருக்குத் தாயாக வந்தார். இவரும் அவரைவிட வயதில் இளையவரே. ஆணுக்கு வயது ஏறினாலும் அவன் நாயகன். பெண்ணுக்கு ஏறினால் அவள் நாயகனின் தாய்!

இதற்குக் காரணம் யாது? கதை முழுவதும் நாயகனின் கண் வழியாகவே சொல்லப்படுகிறது. அவனுக்கு எது தேவையோ அதுவாகவே பெண் படைக்கப்படுகிறாள்.

மூத்த பெண்ணை அவள் கண் வழியாகவும் பார்க்க முடியும் என்பதற்கு எடுத்துக்காட்டுகள் உள்ளன. 2015இல் வெளிவந்த ‘காக்கா முட்டை’ படத்தில், பீட்சாவுக்கு ஏங்கும் பேரன்களுக்காக விளம்பரத்தாளின் படத்தைப் பார்த்துத் தோசை மாவிலேயே பீட்சா செய்து தருகிறாள் ஒரு பாட்டி. அந்த ஏழைக் குடிசையில் அறிவும் முயற்சியும் அவளிடம் இருக்கின்றன.

2018இல் வந்த ‘சுடானி ஃப்ரம் நைஜீரியா’ என்னும் மலையாளப் படம் நம் சமுதாயத்துக்கே நெருக்கமானது. மலப்புறத்தில் கால்பந்து ஆட வந்து, அடிபட்டுப் படுத்துவிட்ட நைஜீரிய இளைஞனை, மொழி தெரியாத இரு முஸ்லிம் மூதாட்டியர் பெற்ற பிள்ளையைப் போல் பேணுகின்றனர். அவர்களில் ஒருவரான ஜமீலா மறுமணம் புரிந்தவர். அந்தக் கணவரை மகன் ஏற்க மறுப்பதால் இருவருக்கும் இடையே அவர் படும் வேதனையையும் படம் மறைக்கவில்லை. இவ்வேடங்களை ஏற்ற சாவித்திரி ஸ்ரீதரன், சரஸா பாலுச்சேரி ஆகிய நாடகக் கலைஞர்கள் இருவருமே சிறந்த குணச்சித்திர நடிகைக்கான கேரள அரசின் விருதைப் பெற்றனர். முக்காடிட்ட மூதாட்டி என்றால் மூலையில் அமர்ந்திருப்பவள் என்ற எண்ணத்தை இப்படம் தகர்த்தது.

சிந்தித்துப் பாருங்கள்! அழுவதும் வாழ்த்துவதுமே தாயின் வேலை என்று திரையில் கண்டு வளரும் பிள்ளை, வீட்டிலுள்ள உம்மம்மாவிடம் யோசனை கேட்குமா? குடும்ப முடிவுகளில் அவருக்கு இடம் தருமா? கைகளை முத்தமிட்டுவிட்டு, அவர் சொல்லைக் கேளாமல் கடந்து போவது மரியாதை ஆகாது.

ஆகவே, அடுத்த முறை பிள்ளைகள் ஒரு படத்தைப் பார்த்து முடித்ததும் அவர்களிடம் கேளுங்கள்: “அந்தப் பாட்டி என்ன விரும்பினாள்?” விடை தெரியாமல் அவர்கள் விழித்தால், உங்கள் வீட்டுப் பெரியவரிடம் அதே கேள்வியைக் கேட்டு வரச் சொல்லுங்கள். திரை சொல்லாமல் விட்ட கதையை அவர் சொல்வார்.