பத்திரிகையும் பதவியும்: கான்பூர் காட்டிய வழி

மார்ச் 23-ஆம் தேதி வந்தால் பகத் சிங், ராஜகுரு, சுகதேவ் ஆகியோருக்கு அஞ்சலி செலுத்துவதில் தலைநகரின் அரசியல் கட்சிகள் எதுவும் பின்தங்குவதில்லை. இரண்டு நாள்கள் கழித்து வரும் மார்ச் 25 அந்த அளவுக்கு நினைவுகூரப்படுவதில்லை. 1931-இல் அந்த நாளில்தான், பகத் சிங்குக்கு ஒரு காலத்தில் தம் பத்திரிகையில் இடமளித்த ஆசிரியர் கான்பூர் மதக் கலவரத்தில் கொல்லப்பட்டார். அவர் கணேஷ் சங்கர் வித்யார்த்தி. "பிரதாப்" என்ற ஹிந்தி இதழின் நிறுவனர். ஐக்கிய மாகாணச் சட்டசபையின் உறுப்பினராக இருந்தவர்.

அலாகாபாதில் (இன்றைய பிரயாக்ராஜ்) 1890-இல் பிறந்த அவர், குவாலியர் சமஸ்தானத்தைச் சேர்ந்த முங்காவலியில் வளர்ந்தார். தந்தை பள்ளி ஆசிரியர். குடும்பத்தின் பொருளாதார நிலை கல்லூரிப் படிப்பை முடிக்க இடம் தரவில்லை. எனினும் மாணவன் என்று பொருள்படும் "வித்யார்த்தி" என்ற சொல்லைத் தம் பெயருடன் நிரந்தரமாகச் சேர்த்துக்கொண்டார். மகாவீர் பிரசாத் துவிவேதியின் "சரஸ்வதி", மதன் மோகன் மாளவியாவின் "அப்யுதய" ஆகிய இதழ்களில் தொழில் பழகிய பின், 1913 நவம்பரில் நண்பர்கள் சிலருடன் சேர்ந்து கான்பூரில் "பிரதாப்" வார இதழைத் தொடங்கினார். அப்போது அவருக்கு வயது 23. 1920-இல் அது நாளிதழாகவும் வெளிவரத் தொடங்கியது.

1910-ஆம் ஆண்டின் பத்திரிகைச் சட்டம் நடைமுறையில் இருந்த காலம் அது. இதழ் நடத்துவோரிடம் பிணைத்தொகை கேட்கவும், எழுதியது பிடிக்காவிட்டால் அதைப் பறிமுதல் செய்யவும் அரசுக்கு அதிகாரம் இருந்தது. அந்த அடக்குமுறைக்குப் "பிரதாப்"பும் தப்பவில்லை. சம்பாரண் அவுரி விவசாயிகளின் துயரம், கான்பூர் ஆலைத் தொழிலாளர்களின் கூலி, சமஸ்தானங்களில் நடந்த கொடுமைகள் ஆகியவற்றை அது தொடர்ந்து எழுதியது. இதழைத் தம் சொந்தச் சொத்தாக வைத்துக்கொள்ளாமல் அறக்கட்டளையின் பொறுப்பில் விட்டார் வித்யார்த்தி. கவிஞர் மைதிலி சரண் குப்தும் அதன் அறங்காவலர்களில் ஒருவர்.

ரே பரேலி வழக்கு: 1921 ஜனவரியில் ரே பரேலிக்கு அருகே முன்ஷிகஞ்சில் திரண்டிருந்த விவசாயிகள் மீது துப்பாக்கிச் சூடு நடந்தது. உள்ளூர் தாலுக்தார் ஒருவருக்கு அதில் பங்கு உண்டு என்று "பிரதாப்" எழுதியது. அவர் அவதூறு வழக்குத் தொடுத்தார். மோதிலால் நேருவும் ஜவாஹர்லால் நேருவும் இதழின் தரப்பில் சாட்சியம் அளித்தனர். ஆயினும் தீர்ப்பு எதிராகவே அமைந்தது. மன்னிப்புக் கேட்டு விலகாமல் சிறை சென்ற ஆசிரியர், 1922 மே மாதம் லக்னௌ சிறையிலிருந்து விடுதலையானார். அடுத்த ஆண்டே, ஃபதேபூரில் ஆற்றிய உரைக்காக மீண்டும் சிறை சென்றார்.

வீட்டைவிட்டு வெளியேறிக் கான்பூர் வந்த பகத் சிங், "பல்வந்த்" என்ற புனைபெயரில் "பிரதாப்"பில் பணியாற்றியது இதை ஒட்டிய காலத்தில்தான். ஆயுதப் புரட்சியாளர்களுக்கு அடைக்கலம் கொடுத்துக்கொண்டே காந்தியின் வழியில் காங்கிரஸில் நின்றவர் வித்யார்த்தி. 1925-இல் சரோஜினி நாயுடு தலைமையில் கான்பூரில் காங்கிரஸ் மாநாடு கூடியபோது, வரவேற்புக் குழுவின் முக்கியப் பொறுப்பு அவருடையதாக இருந்தது.

சட்டசபையில் மூன்றாண்டு: 1926-இல் கான்பூரிலிருந்து ஐக்கிய மாகாணச் சட்டசபைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1919-ஆம் ஆண்டுச் சட்டம் கொண்டுவந்த இரட்டையாட்சியில் கல்வி, சுகாதாரம் போன்ற துறைகளே இந்திய அமைச்சர்களிடம் இருந்தன. காவல், நிதி, நிலவரி ஆகியவை ஆளுநரின் பிடியில் இருந்தன. வாக்குரிமையும் சொத்துடையோருக்கே பெரும்பாலும் கிட்டியது. யாருக்காகப் "பிரதாப்" எழுதியதோ, அந்த விவசாயிக்கும் தொழிலாளிக்கும் அந்த அவையில் பெரும்பாலும் வாக்கே இல்லை. வித்யார்த்திக்கு அவை உறுப்பினர் பதவி பத்திரிகையால் கிடைத்த பரிசு அல்ல; பத்திரிகையில் எழுதியதைச் சொல்வதற்கு மற்றோர் இடம் மட்டுமே. அதனால்தான் காங்கிரஸின் முடிவை ஏற்று 1929-இல் பதவியைத் துறக்க அவர் தயங்கவில்லை. 1930-இல் சட்டமறுப்பு இயக்கத்தில் கைதாகி, 1931 மார்ச் 9 அன்று விடுதலையானார்.

கடைசி நாள்கள்: மார்ச் 23 இரவு லாகூர் சிறையில் பகத் சிங் தூக்கிலிடப்பட்டார். செய்தி அறிந்த கான்பூரில் மறுநாள் கடையடைப்பு நடந்தது. கடைகளை மூட முஸ்லிம் வணிகர்களைக் கட்டாயப்படுத்தியதில் தொடங்கிய தகராறு பெரும் மதக் கலவரமாக வெடித்து, நூற்றுக்கணக்கான உயிர்களைப் பறித்தது. காவல்துறை கைகட்டி நின்றது என்ற குற்றச்சாட்டு அப்போதே எழுந்தது. அரசு அமைத்த விசாரணைக் குழுவும் உள்ளூர் நிர்வாகத்தின் செயலின்மையைக் கண்டித்தது.

சிறையிலிருந்து வந்து இரண்டு வாரங்களே ஆன வித்யார்த்தி அலுவலகத்தில் அமர்ந்து செய்தி தொகுத்துக்கொண்டிருக்கவில்லை. தெருவில் இறங்கினார். ஹிந்துக்கள் பெரும்பான்மையாக இருந்த வங்காளி மொஹாலில் சிக்கிய முஸ்லிம் குடும்பங்களைப் பாதுகாப்பான இடங்களுக்குக் கொண்டு சேர்த்தார். முஸ்லிம்கள் மிகுந்த பகுதிகளில் சிக்கிய ஹிந்துக்களை மீட்கவும் அதே நாளில் சென்றார். அங்கே சௌபே கோலா பகுதியில் கும்பலின் கையில் மாண்டார். வயது 40. சில நாள்களுக்குப் பின்னரே, மருத்துவமனையில் குவிந்திருந்த சடலங்களுக்கு இடையே அவரது உடல் அடையாளம் காணப்பட்டது.

அவரது இரத்தம் இரு சமூகங்களையும் பிணைக்கும் என்று காந்தியடிகள் நம்பிக்கையுடன் எழுதினார். 16 ஆண்டுகளில் நாடே பிளவுண்டது. கலவரத்தின் வேர்களை ஆராயக் கராச்சி காங்கிரஸ் மாநாடு அறிஞர் பகவான் தாஸ் தலைமையில் குழு அமைத்தது. பகையின் வரலாற்றையும் அதைத் தீர்க்கும் வழிகளையும் விரிவாகப் பேசிய அதன் அறிக்கையை 1933-இல் ஆங்கில அரசு தடைசெய்தது.

கான்பூர் மருத்துவக் கல்லூரி அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. ஹிந்திப் பத்திரிகையாளர்களுக்கான விருதும் அவர் பெயரால் வழங்கப்படுகிறது. பெயர் சூட்டுவது எளிது. அரசியல்வாதிகள் பத்திரிகைகளையும் தொலைக்காட்சிகளையும் நடத்துவதும், பத்திரிகை அதிபர்கள் மாநிலங்களவைக்குள் நுழைவதும் புதிதல்லாத நாட்டில், வித்யார்த்தியின் வாழ்க்கை ஓர் உரைகல்லாக இருக்கிறது. கையில் இருக்கும் ஏட்டையும் பதவியையும் ஒருவர் யாருக்காகப் பயன்படுத்துகிறார் என்பது, ஊர் பற்றி எரியும்போது அவர் எந்தத் தெருவில் நிற்கிறார் என்பதில் தெரிந்துவிடும்.