பழைய கணினியிலும் திருமணக் காணொளி ஓடும்

திருமணம், காதணி விழா, கோயில் திருவிழா ஆகியவற்றின் விசிடி, டிவிடி வட்டுகளைப் பல வீடுகளில் இன்னும் பத்திரமாக வைத்திருக்கிறார்கள். ஆனால், புதிய மடிக்கணினிகள் பலவற்றில் வட்டு போடும் இடமே இல்லை. அது இருப்பது மூலையில் தூசி படிந்து கிடக்கும் விண்டோஸ் எக்ஸ்பி கணினியில்தான்.

அதில் டிவிடியோ கைப்பேசியில் எடுத்த எம்பி4 காணொளியோ ஓடவில்லை என்றால், கணினி பழுதாகிவிட்டது என்று எண்ண வேண்டாம். காணொளிகள் சுருக்கிச் சேமிக்கப்படுகின்றன. அவற்றை விரித்துக் காட்டும் ‘கோடெக்’ அக்கணினியில் இல்லாமல் இருக்கலாம். பிரான்ஸ் மாணவர்கள் 1996இல் தொடங்கிய திட்டத்தில் உருவான வி.எல்.சி. எனும் இலவச மென்பொருள், தேவையான கோடெக்குகளைத் தன்னுள்ளேயே கொண்டுள்ளது.

நிறுவும் முறை:

1. ‘மை கம்ப்யூட்டர்’ மீது வலப்பக்கம் சொடுக்கி, ‘புரோப்பர்ட்டிஸ்’ பகுதியைத் திறக்கவும். அதில் ‘சர்வீஸ் பேக் 3’ என்று இருக்க வேண்டும்.

2. எக்ஸ்பியின் பழைய உலாவியில் இன்றைய தளங்கள் பல திறப்பதில்லை. எனவே, வேறொரு கணினியில் வீடியோலேன் அமைப்பின் அதிகாரப்பூர்வத் தளத்திற்குச் சென்று, வி.எல்.சி. 3.0 வரிசையின் 32-பிட் பதிப்பைப் பதிவிறக்கவும். ‘கோடெக் பேக்’ தருவதாக அழைக்கும் விளம்பரங்களைத் தொட வேண்டாம்.

3. அக்கோப்பைப் பென்டிரைவில் கொண்டுவந்து நிறுவவும்.

எக்ஸ்பிக்கான ஆதரவை மைக்ரோசாப்ட் 2014 ஏப்ரல் 8ஆம் தேதி முடித்துக்கொண்டது. ஆகவே, இக்கணினியில் வங்கிக் கணக்கைத் திறக்கக் கூடாது. இணைய இணைப்பையே துண்டித்து வைப்பது நல்லது.

வட்டு ஓடியதும் பார்த்து மகிழ்வதோடு நின்றுவிடாதீர்கள். விசிடி என்றால் ‘எம்பெக்ஏவி’, டிவிடி என்றால் ‘வீடியோ டிஎஸ்’ கோப்புறையை உடனே நகலெடுத்து, இரண்டு இடங்களில் சேமியுங்கள். கீறலிலும் பூஞ்சையிலும் வட்டு கெட்டுப்போனால், மறைந்த தாத்தா பாட்டியின் குரலும் அதோடு போய்விடும்.