திருமணத் தகராறும் ஆட்கொணர்வு மனுவும்

ஆட்கொணர்வு மனு என்றதும் எம்மவர் பலரின் நினைவுக்கு வருபவர்கள், பிடித்துச் செல்லப்பட்ட பிள்ளையைத் தேடி நீதிமன்றம் ஏறிய தாய்மாரே. ஆனால் இம்மனு படையினருக்கும் பொலிசாருக்கும் எதிரானது மட்டுமன்று. எமது அரசியலமைப்பின் 141ஆம் உறுப்புரை, தனியார் காவலில் முறையின்றி வைக்கப்பட்டவரையும் முன்கொணரக் கட்டளையிடும் அதிகாரத்தை மேன்முறையீட்டு நீதிமன்றத்துக்கு அளிக்கிறது. தனியார் காவல் என்பது பெற்றோர் வீடாகவும் இருக்கலாம், கணவன் வீடாகவும் இருக்கலாம்.

விரும்பியவரை மணந்த மகளைத் தாய் தகப்பன் அறையில் பூட்டி வைத்தால் கணவன் மனுச் செய்யலாம். மனைவியைக் கணவன் அடைத்து வைத்தால் அவளின் பெற்றோர் செய்யலாம். நீதிபதி பார்ப்பது ஒன்றைத்தான்: இவரை யார், எந்த அதிகாரத்தில் தடுத்து வைத்திருக்கிறார்? 18 வயது நிரம்பியவராயின், எங்கே போக விருப்பம் என்று அவரிடமே கேட்கப்படும். மகள் தன் விருப்பத்தோடுதான் கணவனுடன் வாழ்கிறாள் என்றால் பெற்றோரின் மனு நிற்காது.

இந்த மனு எமக்கு ஆங்கிலச் சட்டத்தின் வழியே வந்தது. அங்கே 1891இல், கிளித்தெரோ என்ற ஊரில், தன்னோடு வாழ மறுத்த மனைவியை அவள் ஆலயத்தை விட்டு வெளியே வரும்போது கணவன் ஆட்களோடு தூக்கிச் சென்று வீட்டில் அடைத்தான். மனைவி தன்னோடு வாழ வேண்டும் என்ற நீதிமன்றத் தீர்ப்பு அவன் கையில் இருந்தது. அப்படியிருந்தும் அவளை அடைத்து வைக்க அவனுக்கு உரிமையில்லை என்று மேன்முறையீட்டு நீதிமன்றம் அவளை விடுவித்தது.

அண்மைக் காலத்தில் கேரளத்து வழக்கொன்று இந்தியா முழுவதும் பேசப்பட்டது. மதம் மாறிய தம் மகளுக்காகத் தகப்பனார் 2016இல் ஆட்கொணர்வு மனுச் செய்தார். மனு நிலுவையில் இருக்கும்போதே மகள் திருமணம் செய்தார். வயது 24, மருத்துவம் படித்தவர். ஆயினும் 2017 மே மாதத்தில் கேரள உயர் நீதிமன்றம் திருமணத்தைச் செல்லாதென்று சொல்லி அவரைப் பெற்றோரிடம் அனுப்பியது. மாதக்கணக்காக அவர் அவ்வீட்டிலேயே இருந்தார். நவம்பரில் உச்ச நீதிமன்றம் அவரையே அழைத்துக் கேட்டது. படிப்பை முடிக்கச் சேலத்துக்கு அனுப்பியது. ஆட்கொணர்வு மனுவை வைத்துக்கொண்டு ஒருவரின் திருமணத்தை ரத்துச் செய்ய முடியாதென்று 2018 மார்ச்சில் தீர்ப்பாயிற்று. அந்தத் தகப்பனாரின் பதைப்பை நாம் இலேசாக எண்ணவில்லை. முகாமிலும் உறவினர் வீட்டிலும் மகளை வளர்த்தவர்களுக்கு அந்தப் பயம் நன்கு தெரியும். ஆனாலும் வளர்ந்த பிள்ளையைப் பூட்டி வைக்கச் சட்டத்தில் இடமில்லை.

18 வயதுக்கு உட்பட்டவர் விடயம் வேறு. பொதுத் திருமணச் சட்டத்தில் 1995ஆம் ஆண்டுத் திருத்தத்தின்பின் இருபாலாருக்கும் திருமண வயது 18. சிறு பிள்ளை யாரிடம் இருப்பது என்ற வழக்கில் பிள்ளையின் நலனே பார்க்கப்படும். அதனை ஏற்ற வேறு நீதிமன்றத்துக்கு அனுப்பவும் கூடும்.

இதற்காகக் கொழும்புக்கு அலையத் தேவையில்லை. 1987ஆம் ஆண்டின் 13ஆம் திருத்தப்படி, மாகாணத்துக்குள் தடுத்து வைக்கப்பட்டவருக்காக அந்த மாகாண மேல் நீதிமன்றத்திலேயே மனுச் செய்யலாம். வசதியற்றோர் சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம். சட்டத்தரணியிடம் போகும்போது பிறப்பு, விவாகப் பதிவுகளையும் பொலிஸ் முறைப்பாட்டின் பிரதியையும் கொண்டு செல்லுங்கள். இடப்பெயர்வில் பதிவுகள் தொலைந்திருந்தால் பிரதேச செயலகத்தில் பிரதி கேளுங்கள். அவரைக் கடைசியாக எங்கே, எப்போது, யார் கண்டார் என்பதையும் எழுதி வையுங்கள். சத்தியக் கடதாசி எழுதும்போது அது உதவும்.