டேன்ஸ்போர்க் கோட்டை

டேன்ஸ்போர்க் கோட்டை என்பது தமிழ்நாட்டின் மயிலாடுதுறை மாவட்டத்தில், சோழமண்டலக் கடற்கரையிலுள்ள தரங்கம்பாடி என்னும் ஊரில் டேனியர்களால் கட்டப்பட்ட கோட்டை ஆகும். இது டேனிஷ் கோட்டை எனவும் அழைக்கப்படுகின்றது. தஞ்சாவூரை ஆண்ட இரகுநாத நாயக்கருடன் செய்துகொள்ளப்பட்ட உடன்படிக்கையின்படி 1620 ஆம் ஆண்டில் இதன் கட்டுமானம் தொடங்கியது. 1845 ஆம் ஆண்டுவரை இது டென்மார்க் அரசின் உடைமையாக இருந்தது. டேனிய ஆளுநர்கள் நீண்ட காலம் இதனையே தமது வாழிடமாகக் கொண்டிருந்ததால், இது படைநிலையாகவும் பண்டகசாலையாகவும் மட்டுமன்றி ஆளுநர் மாளிகையாகவும் விளங்கியது.

இக்கோட்டை டென்மார்க் நாட்டுக்கு உரியதாயினும், அதற்கு உரிமை பூண்ட அரச மரபு செருமானிய உயர்குடி ஒன்றிலிருந்து தோன்றியது. கோட்டையின் வரலாற்றிலும், தமிழ் அச்சுக்கலையின் வரலாற்றிலும் இத்தொடர்பு குறிப்பிடத்தக்க விளைவுகளை ஏற்படுத்தியது.

பெயர்க் காரணம்

டேனிய மொழியில் ‘போர்க்’ என்னும் சொல் கோட்டையைக் குறிக்கும். எனவே டேன்ஸ்போர்க் என்பதற்கு ‘டேனியர் கோட்டை’ என்பது பொருள். இன்று ஊர் மக்களும் பயணிகளும் வழங்கும் ‘டேனிஷ் கோட்டை’ என்னும் பெயரும் இதே பொருளையே தருகின்றது.

டேனிய மொழியின் ‘போர்க்’ என்பதும் செருமானிய மொழியின் ‘புர்க்’ என்பதும் ஒரே மூலத்திலிருந்து வந்த சொற்கள். கோட்டை கட்டப்பட்டபோது டென்மார்க்கை ஆண்ட மரபின் பெயரான ஓல்டன்புர்க் என்பதிலும் இச்சொல்லே உள்ளது. அப்பெயரை ‘பழங்கோட்டை’ எனத் தமிழாக்கலாம். 1863 முதல் டென்மார்க்கை ஆண்டுவரும் கிளை மரபின் பெயரான குளுக்ஸ்புர்க் என்பதும் ஒரு கோட்டையின் பெயரே ஆகும்.

பிற நாடுகளில் டேனியர் கட்டிய கோட்டைகள் சில அரசர்களின் பெயரைத் தாங்கின. ஆப்பிரிக்காவில், இன்றைய கானா நாட்டின் தலைநகரான அக்ராவிலுள்ள கிறிஸ்தியான்ஸ்போர்க் கோட்டை இதற்கு எடுத்துக்காட்டு. தரங்கம்பாடிக் கோட்டையோ ஓர் அரசரின் பெயரை அன்றி ஓர் இனத்தின் பெயரையே பெற்றது.

ஊர்ப் பெயர்

தரங்கம்பாடியிலுள்ள மாசிலாமணிநாதர் கோயில் பாண்டிய மன்னன் மாறவர்மன் குலசேகரன் காலத்தைச் சேர்ந்தது. இக்கோயிலின் கல்வெட்டில் இவ்வூர் சடங்கன்பாடி எனவும், குலசேகரன்பட்டினம் எனவும் குறிக்கப்படுகின்றது. மன்னனின் பெயரால் அமைந்த குலசேகரன்பட்டினம் என்னும் பெயர் இங்கு நிலைபெறவில்லை. ‘பாடி’ என முடியும் பெயரே நிலைத்தது.

தரங்கம் என்னும் வடசொல்லுக்கு அலை என்பது பொருள். பாடி என்பது குடியிருப்பு, ஊர், படைவீடு ஆகிய பொருள்களைத் தரும் பழைய தமிழ்ச் சொல். ஆகவே தரங்கம்பாடி என்பதற்கு ‘அலைகளை உடைய ஊர்’ எனப் பொருள் கொள்வதே பொருத்தமானது. சுற்றுலாக் கையேடுகளில் இதற்கு ‘அலைகள் பாடும் ஊர்’ என்னும் விளக்கம் பரவலாகக் காணப்படுகின்றது. இது ‘பாடி’ என்பதைப் ‘பாடுதல்’ என்னும் வினையோடு தொடர்புபடுத்துவதால் எழுந்தது. கேட்பதற்கு இனிமையாக இருப்பினும் இது ஊர்ப் பெயர்களின் பொது வழக்குடன் பொருந்துவதில்லை. சென்னையிலுள்ள வியாசர்பாடி, பாடி ஆகிய இடங்களின் பெயர்களிலும் இச்சொல் குடியிருப்பையே சுட்டுகின்றது. சென்னையின் ஈக்காட்டுத்தாங்கல் என்னும் பெயரின் ஈறாகிய ‘தாங்கல்’ பாசனத்துக்கான சிறு ஏரியைக் குறிப்பதும் இத்தகையதே. தமிழ் ஊர்ப் பெயர்களின் ஈறுகள் பெரும்பாலும் நிலத்தின் அல்லது குடியிருப்பின் தன்மையைக் கூறுவன.

தரங்கம்பாடி என்னும் பெயரை ஐரோப்பியர் தத்தம் நாவுக்கு ஏற்பத் திரித்து வழங்கினர். டேனிய மொழியில் இது டிரான்கபார் எனவும், ஆங்கிலத்தில் டிராங்குபார் எனவும் எழுதப்பட்டது. ஊருக்கு டேனியர் புதுப் பெயர் எதனையும் சூட்டவில்லை.

ஓல்டன்புர்க் மரபு

ஓல்டன்புர்க் என்பது இன்றைய செருமனியின் வடமேற்கில், கீழ்ச் சாக்சனி மாநிலத்தில் உள்ள ஒரு நகரமாகும். அதனைச் சூழ்ந்த நிலப்பகுதியை ஆண்ட பிரபுக்களுள் ஒருவரான கிறிஸ்தியான் என்பவர் 1448 ஆம் ஆண்டில் டென்மார்க்கின் அரசராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். 1460 இல் சிலெஸ்விக், ஹோல்ஸ்டைன் ஆகிய பகுதிகளும் இவரது ஆட்சிக்கு உட்பட்டன. இவற்றுள் ஹோல்ஸ்டைன் செருமானிய நாடுகளை உள்ளடக்கிய புனித உரோமைப் பேரரசைச் சேர்ந்தது. இதனால் டென்மார்க் அரசர், தமது நாட்டில் அரசராகவும் அப்பேரரசினுள் ஒரு சிற்றரசராகவும் ஒரே காலத்தில் விளங்கினார்.

டேனிய அரசர்கள் தொடர்ந்து செருமானிய அரச குடும்பங்களிலேயே பெண் எடுத்தனர். தரங்கம்பாடிக்குக் கப்பல்களை அனுப்பிய நான்காம் கிறிஸ்தியானின் தாய் மெக்லன்புர்க் குடும்பத்தையும், மனைவி பிரான்டன்புர்க் குடும்பத்தையும் சேர்ந்தவர்கள். ஐந்தாம் கிறிஸ்தியானின் மனைவியான சார்லொட் அமாலி, ஹெஸ்ஸே-காசெல் குடும்பத்து இளவரசி. அவரது பெயர் கரிபியக் கடலிலுள்ள அமெரிக்கக் கன்னித் தீவுகளின் தலைநகருக்கு இன்றும் வழங்குகின்றது. அத்தீவுகள் 1917 ஆம் ஆண்டுவரை டென்மார்க்கின் உடைமையாக இருந்தவை. டேனிய அரசவையில் செருமானிய மொழி நெடுங்காலம் செல்வாக்குப் பெற்றிருந்தது.

வரலாறு

தோற்றம்

1616 ஆம் ஆண்டில் நான்காம் கிறிஸ்தியான் வழங்கிய பட்டயத்தின் மூலம் டேனியக் கிழக்கிந்தியக் கம்பனி தொடங்கப்பட்டது. 1618 இல் ஓவே யெட்டே என்னும் இளம் கடற்படைத் தலைவரின் கீழ் கப்பல்கள் புறப்பட்டன. இவற்றின் முதல் நோக்கம் இலங்கையின் கண்டி அரசுடன் வணிகத் தொடர்பு ஏற்படுத்துவதாகும். அம்முயற்சி வெற்றி பெறவில்லை.

முன்னரே அனுப்பப்பட்ட ‘ஓரெசுண்ட்’ என்னும் கப்பல் காரைக்கால் அருகே போர்த்துக்கேயரால் அழிக்கப்பட்டது. அதிலிருந்து தப்பிய ரோலண்ட் கிராப்பே என்னும் ஒல்லாந்து நாட்டவர் தஞ்சாவூர் அரசவையை அடைந்தார். இவ்வாறு ஏற்பட்ட தொடர்பின் பயனாக 1620 நவம்பரில் இரகுநாத நாயக்கருக்கும் டேனியருக்கும் இடையே உடன்படிக்கை ஏற்பட்டது. ஆண்டுதோறும் செலுத்தும் தொகைக்கு ஈடாகத் தரங்கம்பாடியில் கோட்டை கட்டவும் வணிகம் செய்யவும் டேனியர் உரிமை பெற்றனர். இரகுநாத நாயக்கர் டேனிய அரசருக்குப் பொன் ஏட்டில் தமிழில் எழுதி அனுப்பிய மடல் கோபன்ஹேகனிலுள்ள டேனிய ஆவணக் காப்பகத்தில் பாதுகாக்கப்பட்டு வருகின்றது.

கைவிடப்பட்ட காலம்

ஹோல்ஸ்டைன் உரிமை காரணமாக நான்காம் கிறிஸ்தியான் செருமானிய அரசியலில் ஈடுபட நேர்ந்தது. 1625 இல் அவர் முப்பதாண்டுப் போரில் இறங்கினார். 1626 இல் லுட்டர் என்னும் இடத்தில் தோல்வியுற்று, 1629 இல் போரிலிருந்து விலகினார். பின்னர் சுவீடனுடனும் போர்கள் ஏற்பட்டன. இவற்றால் கருவூலம் வறண்டது. முதல் கம்பனி 1650 இல் கலைக்கப்பட்டது.

இதன் விளைவு தரங்கம்பாடியில் உணரப்பட்டது. 1669 ஆம் ஆண்டுக்கு முன்னர் ஏறத்தாழ 25 ஆண்டுகள் டென்மார்க்கிலிருந்து கப்பல் எதுவும் வரவில்லை. கோட்டையிலிருந்த டேனியர்கள் ஒருவர் பின் ஒருவராக இறந்தனர். 1655 முதல் எஸ்கில் ஆண்டர்சன் கொங்ஸ்பக்கே என்னும் ஒரே டேனியர், உள்ளூர் மக்களின் துணையுடன் கோட்டையைக் காத்து வந்தார். 1669 இல் ‘ஃபேரோ’ என்னும் கப்பல் வந்து சேர்ந்தபோது கோட்டையில் டேனியக் கொடியே பறந்துகொண்டிருந்தது. அடுத்த ஆண்டில் இரண்டாவது கம்பனி அமைக்கப்பட்டது.

செருமானியரின் வருகையும் தமிழ் அச்சும்

1704 ஆம் ஆண்டில் நான்காம் பிரெடெரிக், பெர்லினிலிருந்து பிரான்ஸ் யூலியுஸ் லூட்கென்ஸ் என்னும் செருமானியக் குருவைத் தமது அரசவைக்கு வரவழைத்தார். தரங்கம்பாடிக்குச் சமயப் பணியாளர்களைத் தேடும் பொறுப்பு இவரிடம் ஒப்படைக்கப்பட்டது. இவர் பெர்லினிலுள்ள தமது நண்பர்கள் வாயிலாக இருவரைத் தேர்ந்தெடுத்தார். அவர்களே சீகன்பால்கு எனத் தமிழில் அறியப்படும் பார்த்தலோமேயு சீகன்பால்க்கும், ஹைன்ரிக் புளூட்சோவும் ஆவர். இருவரும் 1706 சூலை 9 ஆம் நாள் தரங்கம்பாடியை அடைந்தனர்.

அரசரே அனுப்பியவர்கள் எனினும் கோட்டையில் இவர்களுக்கு வரவேற்புக் கிடைக்கவில்லை. கம்பனியின் ஆளுநர் ஹாசியுஸ் இவர்களது பணி வணிகத்துக்கு இடையூறு எனக் கருதினார். 1708 ஆம் ஆண்டின் இறுதியில் சீகன்பால்கு கைது செய்யப்பட்டு, சுமார் நான்கு மாதங்கள் டேன்ஸ்போர்க் கோட்டையிலேயே சிறை வைக்கப்பட்டார். அரசருக்கும் கம்பனிக்கும் இடையே இருந்த வேறுபாட்டை இந்நிகழ்ச்சி காட்டுகின்றது.

செருமனியின் ஹாலே நகரில் வார்க்கப்பட்ட தமிழ் எழுத்துகள் 1713 இல் தரங்கம்பாடிக்கு வந்தன. இலண்டனிலிருந்து வந்த அச்சுப்பொறியைக் கொண்டு இங்கு அமைக்கப்பட்ட அச்சகத்தில் தமிழ்ப் புதிய ஏற்பாடு அச்சிடப்பட்டு 1715 இல் நிறைவு பெற்றது. தமிழ் நூல் அச்சேறியது இதுவே முதன்முறை அன்று. 1578 இல் கொல்லத்தில் போர்த்துக்கேயர் காலத்தில் ‘தம்பிரான் வணக்கம்’ அச்சிடப்பட்டது. எனினும் அம்முயற்சிகள் தொடராது நின்றுபோயின. தரங்கம்பாடி அச்சகமே தமிழ் அச்சுக்கு மறுவாழ்வு அளித்தது. இலத்தீன் மொழியில் சீகன்பால்கு எழுதிய தமிழ் இலக்கணம் 1716 இல் ஹாலேயில் வெளிவந்தது. காகிதத் தேவையை நிறைவு செய்ய அருகிலுள்ள பொறையாறு பகுதியில் காகித ஆலை ஒன்று அமைக்கப்பட்டது. அவ்விடத்துக்குக் கடுதாசிப் பட்டறை என்னும் பெயர் ஏற்பட்டது.

1718 இல் கட்டி முடிக்கப்பட்ட புதிய எருசலேம் ஆலயத்தின் முகப்பில் நான்காம் பிரெடெரிக்கின் முடியுடன் கூடிய பெயரெழுத்து காணப்படுகின்றது. 1719 இல் இறந்த சீகன்பால்குவின் கல்லறையும் இவ்வாலயத்திலேயே உள்ளது.

சின்சென்டோர்ஃப் பிரபுவின் சபையார்

செருமானிய உயர்குடியுடனான மற்றொரு தொடர்பு 1760 இல் ஏற்பட்டது. சாக்சனியைச் சேர்ந்த சின்சென்டோர்ஃப் பிரபு, ஆறாம் கிறிஸ்தியானின் முடிசூட்டு விழாவுக்காக 1731 இல் கோபன்ஹேகன் சென்றவர். அவரது ஆதரவில் வளர்ந்த மொராவியச் சகோதரர் சபையினர், நிக்கோபார் தீவுகளில் குடியேறும் நோக்குடன் 1760 இல் தரங்கம்பாடி வந்தனர். ஊருக்கு வெளியே இவர்கள் ஏற்படுத்திய குடியிருப்பு ‘சகோதரர் தோட்டம்’ எனப்பட்டது. நிக்கோபார் முயற்சி நோயினாலும் உயிரிழப்பாலும் தோல்வியுற்றது. 19 ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் சபையார் தரங்கம்பாடியை விட்டு வெளியேறினர்.

விற்பனை

1777 இல் தரங்கம்பாடியின் நிருவாகத்தை டேனிய அரசே நேரடியாக ஏற்றுக்கொண்டது. நெப்போலியப் போர்களின்போது, 1808 முதல் 1815 வரை, ஆங்கிலேயர் இதனைக் கைப்பற்றி வைத்திருந்தனர். திரும்பக் கிடைத்த பின்னர் பழைய வணிகம் மீளவில்லை. 1845 ஆம் ஆண்டு பெப்ரவரியில் செய்யப்பட்ட ஒப்பந்தத்தின்படி தரங்கம்பாடி, வங்காளத்திலுள்ள செராம்பூர் உள்ளிட்ட டேனிய உடைமைகள் 12.5 இலட்சம் ரூபாய்க்கு ஆங்கிலக் கிழக்கிந்தியக் கம்பனிக்கு விற்கப்பட்டன.

அமைப்பு

கோட்டை கடலை நோக்கி அமைந்த இரு தளங்களைக் கொண்டது. கீழ்த்தளத்தில் பண்டகசாலை, சிறை முதலியன இருந்தன. மேல்தளத்தில் ஆளுநர் உள்ளிட்டோரின் வாழிடங்களும் வழிபாட்டு இடமும் அமைந்திருந்தன. முற்காலத்தில் கோட்டையைச் சுற்றி அகழி இருந்தது. டென்மார்க்கின் குரோன்போர்க் கோட்டைக்கு அடுத்த பெரிய டேனியக் கோட்டை இதுவே எனக் கூறப்படுவதுண்டு. 18 ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆளுநரின் வாழிடம் கோட்டைக்கு எதிரிலுள்ள மாளிகைக்கு மாற்றப்பட்டது. ஊரின் நுழைவாயில் 1792 இல் கட்டப்பட்டது. அதன் உச்சியில் டேனிய அரச முத்திரையும் ஆண்டும் பொறிக்கப்பட்டுள்ளன.

பெயர்களின் நிலை

டேனிய அரசர்கள் தமது பெயரை இந்தியாவில் நிலைநிறுத்த மேற்கொண்ட முயற்சிகள் பெரும்பாலும் நிலைக்கவில்லை. ஐந்தாம் பிரெடெரிக்கின் நினைவாகச் செராம்பூருக்கு 1755 இல் பிரெடெரிக்ஸ்நகர் எனப் பெயரிடப்பட்டது. நிக்கோபார் தீவுகள் பிரெடெரிக் தீவுகள் எனப்பட்டன. இவ்விரு பெயர்களும் இன்று வழக்கில் இல்லை. அக்ராவின் கிறிஸ்தியான்ஸ்போர்க் கோட்டையும் இன்று அவ்விடத்தின் பெயரால் ஒசு கோட்டை என்றே பெரிதும் அறியப்படுகின்றது. தரங்கம்பாடியில் அரசர் தெரு, அரசி தெரு என்னும் பொருளில் அமைந்த தெருப் பெயர்கள் மட்டும், அவர் எந்த அரசர், எந்த அரசி என்னும் குறிப்பு இல்லாமல் எஞ்சியுள்ளன.

மாறாக, தமிழ்ப் பெயர்களே டேனியரிடம் சென்று சேர்ந்தன. தரங்கம்பாடியில் அச்சடிக்கப்பட்ட நாணயங்களின் ஒரு பக்கத்தில் டேனிய அரசரின் பெயரெழுத்து இருந்தது. ஆனால் நாணயங்களின் பெயர்கள் ‘காஸ்’ எனவும் ‘ஃபானோ’ எனவும் வழங்கின. இவை முறையே காசு, பணம் என்னும் சொற்களின் திரிபுகள் ஆகும்.

இன்றைய நிலை

விற்பனைக்குப் பின்னர் கோட்டை ஆங்கிலேய அரசின் அலுவலகத் தேவைகளுக்கும், பின்னாளில் பயணியர் விடுதியாகவும் பயன்பட்டது. பின்னர் தமிழ்நாடு அரசு தொல்லியல் துறையின் பாதுகாப்பில் வந்தது. இதனுள் டேனியர் கால நாணயங்கள், பீங்கான் பொருட்கள், ஆவணப் படிகள் முதலியவற்றைக் கொண்ட அருங்காட்சியகம் உள்ளது. 2000களில் டென்மார்க்கிலுள்ள தரங்கம்பாடி ஆர்வலர்களின் உதவியுடன் சீரமைப்புப் பணிகள் நடைபெற்றன.

கடலரிப்பு இவ்வூரின் நெடுநாளைய சிக்கலாகும். மாசிலாமணிநாதர் கோயிலின் முன்பகுதி கடலால் அழிந்துவிட்டது. 2004 திசம்பர் 26 ஆம் நாள் ஏற்பட்ட ஆழிப்பேரலையில் தரங்கம்பாடியின் மீனவர் குடியிருப்புகள் கடும் உயிரிழப்பைச் சந்தித்தன. சடங்கன்பாடி என்னும் பழம்பெயரைப் பதிவு செய்துள்ள கல்வெட்டு, கடலின் விளிம்பிலுள்ள அக்கோயிலுக்கே உரியது. எனவே கோட்டையைப் போன்றே கோயிலைப் பாதுகாப்பதும் இவ்வூரின் வரலாற்றுக்கு இன்றியமையாததாகும்.