குமிழுக்குள் ஒரு மாரி

குச்சவெளியில் மழைக்கு நாலு மாதம்தான் தவணை. ஐப்பசியில் இறங்கும் மாரி தையோடு ஓய்ந்துவிடும். திருகோணமலைக் கரைக்கு ஆண்டு முழுவதும் கிடைக்கும் ஏறக்குறைய 1600 மில்லிமீற்றர் மழையில் பெரும்பங்கு அந்த வாடைக் காலத்துக்குள்ளேயே கொட்டித் தீர்ந்துவிடுகிறது. மணலில் விழுந்த தண்ணீர் நிற்பதுமில்லை. நாலு நாள் வெயில் போதும், மேல்மண் உதிரத் தொடங்கிவிடும். வைகாசி பிறந்தால் மேற்கிலிருந்து கச்சான் வரும். மலைநாட்டில் ஈரத்தையெல்லாம் இறக்கிவிட்டு வெறும் சூட்டைச் சுமந்து வரும் காற்று அது. புல்மோட்டை வீதியின் இருபுறத்துப் பற்றைகளும் அந்த நாட்களில் நிறமிழந்து நிற்கும். பாலையும் வீரையும் தாங்கிக்கொள்ளும். அவற்றின் வேர் ஆழமானது. சின்னஞ்சிறு செடிகளுக்கு அந்த வசதி இல்லை.

இப்படிப்பட்ட உலர்ந்த பற்றைகளின் காலடியில், நிழலும் வெயிலும் மாறி மாறி விழும் மணலில், படைத்தவன் ஓர் ஓர்க்கிட்டைக் குடியிருத்தியிருக்கிறான்.

ஓர்க்கிட் என்றதும் நமக்கு நுவரெலியாக் குளிரும் பேராதனைப் பூங்காவின் கண்ணாடி மனையும் நினைவுக்கு வருகின்றன. இலங்கையில் தானாக வளரும் ஏறக்குறைய 190 இனங்களில் பெரும்பாலானவை ஈர வலயத்தையும் மலைநாட்டையும் சேர்ந்தவை என்பதும் உண்மைதான். ஆனால் குச்சவெளி மணலில் குடியிருக்கும் யூலோபியா கிரமினியாவுக்குக் குளிரும் வேண்டாம், தொற்றிக்கொள்ள மரமும் வேண்டாம். இது நிலத்தில் வாழ்வது. இந்தியா, இலங்கையிலிருந்து தென்சீனம், இந்தோனேசியா வரை பரந்திருப்பது. 1833இல் ஜோன் லிண்ட்லி இதற்குப் பெயரிட்டார். இதன் நெருங்கிய உறவான யூலோபியா எபிடென்ட்ரியா தமிழகத்திலும் நம் நாட்டிலும் முட்பற்றைகளுக்குள் வளர்வது. அதை முதலில் விவரித்தவர், 1768இல் தரங்கம்பாடி மிஷனுக்கு வைத்தியராக வந்து, பின்னர் இலங்கைக்கும் வந்துபோன யோஹான் கோனிக். 1785இல் அவர் இறந்த பின், 1791இல்தான் அந்தக் குறிப்பு அச்சேறியது.

பூவில்லாத நாளில் கிரமினியாவைக் கடந்து போகிறவர்கள் இதைப் புல்லென்றே நினைப்பார்கள். ஒடுங்கிய மூன்று நான்கு இலைகள், அவ்வளவுதான். குனிந்து சருகை விலக்கினால் ஓர்க்கிட்டின் இரகசியம் தெரியும்: பாதி மண்ணுக்குள்ளும் பாதி வெளியிலுமாக, கூம்பு வடிவில், வரிவரியாகக் கணுத்தெரியும் பச்சைக் குமிழ். மாரியில் இலைகள் சமைத்த உணவும் வேர்கள் உறிஞ்சிய நீரும் இதற்குள் போய்ச் சேர்கின்றன. மழை நின்று மண் காயும்போது செடி இலைகளைக் கைவிட்டுவிடுகிறது. நீரை ஆவியாக்கி இழக்கும் வாசல்களை மூடுவதற்கு இதைவிட நேரான வழி இல்லை. இலை போன பின்னும் குமிழின் பச்சை போவதில்லை. மொட்டையாக இருந்தும் அது வெயிலைச் சிறிதளவு பயன்படுத்திக்கொள்கிறது. வெள்ளைத் தடித்த வேர்களின் மேல் பஞ்சு போன்ற ஓர் உறை இருக்கிறது. கோடையில் எப்போதாவது விழும் ஒரு பாட்டம் மழையைக்கூட அது நழுவவிடாது.

பிறகுதான் அதிசயம். மற்றச் செடிகளில் பெரும்பாலானவை பசுமை வந்த பின் பூக்கும். இது இலைகள் காய்ந்துபோன நிலையில், குமிழின் அடியிலிருந்து ஒரு தண்டை அனுப்புகிறது. ஒரு மீற்றருக்கு மேலும் உயரும் அந்த மெல்லிய தண்டில் பூக்கள் கீழிருந்து மேலாக ஒவ்வொன்றாக விரிகின்றன. இதழ்கள் பச்சையும் மண்ணிறமும் கலந்தவை. தூரத்திலிருந்து கண்ணில் படாது. அருகே போனால் நடு இதழ் மட்டும் வெள்ளையாக, நடுவில் இளஞ்சிவப்பு மயிர்வரிகளோடு தெரியும். தாம்பாளத்தில் அடுக்கி அலங்கரிக்கிற பூ அல்ல. ஆனால் கடும் வெயிலில், ஒரு துளி மழையை நம்பாமல், போன மாரியில் சேர்த்துவைத்ததிலிருந்தே இத்தனை பூக்களையும் எடுத்துத் தருகிற குமிழை நினைக்கும்போது கைகூப்பத் தோன்றுகிறது.

அந்த நடு இதழ் பிறக்கும்போது இருந்த இடமே வேறு. மொட்டாக இருக்கையில் அது மேலே இருக்கிறது. பூ விரிவதற்குச் சற்று முன் காம்பு தன்னைத்தானே 180 பாகை முறுக்கி அதைக் கீழே கொண்டுவந்து வைக்கிறது. வரும் வண்டு இறங்க ஒரு மேடை வேண்டுமே! மேடையில் இறங்கும் வண்டின் உடலில் மகரந்தம் தூளாக ஒட்டுவதில்லை. பொட்டலமாகத் திரண்ட மகரந்தம் பசையோடு அப்படியே ஒட்டிக்கொள்கிறது. எல்லாம் ஒரே வீச்சில் போகிறது. அடுத்த பூவில் சேர்ந்தால் ஒரு காய்க்கு வேண்டிய மகரந்தம் மொத்தமாகச் சேர்ந்துவிடுகிறது. அத்தனையும் ஒரே தடவையில் வேண்டும் என்பதற்கான காரணம் காய்க்குள் இருக்கிறது.

காய் முற்றி வெடிக்கும்போது வெளியேறுவது விதை என்று சொல்ல மனம் வராத அளவு நுண்ணிய தூள். 1862இல் வெளிவந்த தன் ஓர்க்கிட் நூலில் சார்லஸ் டார்வின் ஐரோப்பிய இனமொன்றின் காயில் 6,200 விதைகளைக் கணக்கிட்டார். ஒரு செடிக்கு 1,86,300. இத்தனை எண்ணிக்கை வரவேண்டுமானால் விதை எடையற்றதாக இருக்கவேண்டும். எடை குறைய எதை விட்டுவிட்டது? உணவை. நெல்லுக்கும் பனங்கொட்டைக்கும் தாய் கட்டிக்கொடுக்கும் சோறு ஓர்க்கிட் விதைக்கு இல்லை. பட்டினியாகவே காற்றில் ஏறுகிறது.

இந்தப் பட்டினி விதை எப்படி முளைக்கிறது என்பது நெடுங்காலம் எவருக்கும் விளங்கவில்லை. ஐரோப்பியத் தோட்டக்காரர்கள் தாய்ச்செடியைச் சுற்றித் தூவினால் சில முளைக்கும், புதிய தொட்டியில் தூவினால் ஒன்றுமே முளைக்காது என்பதை மட்டும் கண்டிருந்தார்கள். 1899இல், பிரான்சில் இராணுவச் சேவையில் இருந்த இளைஞரான நொயல் பெர்னார், பொன்தேன்புளோ காட்டில் சருகுக்கடியில் புதைந்து கிடந்த ஓர் ஓர்க்கிட் காயைக் கண்டெடுத்தார். உள்ளே விதைகள் கூட்டமாக முளைத்திருந்தன. ஒவ்வொரு முளைக்குள்ளும் பூஞ்சண இழைகள். சருகை மட்கச் செய்யும் பூஞ்சணம் விதைக்குள் நுழைந்து உயிரணுக்களில் சுருள் சுருளாகச் சுற்றிக்கொள்ள, விதை அந்தச் சுருள்களைச் செரித்து வளர்கிறது. வேரும் இலையும் இல்லாத சிறு உருண்டையாக, வெளிச்சமே காணாமல், அது சில காலம் மண்ணுக்குள் இருக்கிறது. இந்தக் கடன் திரும்பாத கடனும் அல்ல. பச்சை இலை விட்ட பின் செடி தான் சமைத்த சர்க்கரையிலிருந்து பூஞ்சணத்துக்குப் பங்கு கொடுக்கிறது என்பதை 2006இல் வேறோர் ஓர்க்கிட்டில் ஆய்வாளர்கள் காட்டினார்கள்.

தாயிடமிருந்து ஒரு பிடி உணவுகூடப் பெறாத விதைக்கு, கண்ணுக்குத் தெரியாத பூஞ்சணத்தை மண்ணில் முன்கூட்டியே வைத்துக் காத்திருக்கச் செய்தது யார்? குச்சவெளி மணலில் மட்கும் ஒவ்வொரு சருகையும் இதற்குப் பிறகு நான் வேறுவிதமாகத்தான் பார்க்கிறேன்.

இந்த ஏற்பாடு எவ்வளவு வலியது என்பதற்குச் சாட்சி உலகின் மறுகோடியில் இருக்கிறது. 2007இல் அமெரிக்காவின் புளோரிடாவில், மயாமிப் பகுதித் தோட்டங்களில் இதே செடி முளைத்திருந்தது. பூப்பாத்திகளில் பரப்பும் மரச்செதில்களில் அது பெருகியது. அங்கே இன்று அதை அந்நியக் களையாகவே எண்ணுகிறார்கள். அயல் மண்ணிலும், மட்கும் மரத்தில் வாழும் பூஞ்சணம் இருந்தால் அதற்குத் துணை கிடைத்துவிடுகிறது.

எனவே நட்டு வளர்க்க விரும்புவோர் செடியின் நாட்காட்டியைப் படித்தால் போதும். தொட்டி அகலமாக இருக்கட்டும். முக்கால்வாசி மணலும் ஓட்டுத்துண்டும், கால்வாசி மட்கிய இலையும், கொஞ்சம் ஊறவைத்த தும்பும். குமிழின் அடிப்பகுதி மட்டும் மண்ணில் இருக்கவேண்டும். முழுதும் புதைத்தால் அழுகும். இடம் காலை வெயிலும் பிற்பகல் நிழலும் விழும் மூலையாக இருப்பது நல்லது. இலை துளிர்த்ததிலிருந்து பழுக்கும் வரை தாராளமாகத் தண்ணீர், இடையிடையே மிகவும் ஐதான உரநீர். இலை மஞ்சளானதும் வாளியை வைத்துவிடுங்கள். பல தொட்டிகள் சாவது வரட்சியால் அல்ல, இந்த ஓய்வுக் காலத்தில் இரக்கப்பட்டு ஊற்றும் தண்ணீரால்தான். கூட்டம் பெருத்தால் மாரிக்குச் சற்று முன், ஒவ்வொரு பிரிவிலும் இரண்டு மூன்று குமிழ்களாவது சேர்ந்திருக்கும்படி பிரித்து நடலாம். தனிக் குமிழ் தேறிவரப் பல காலம் எடுக்கும்.

காட்டிலிருந்து பிடுங்கி வராதீர்கள். ஓர்க்கிட் குடும்பம் முழுவதுமே சைட்டிஸ் பன்னாட்டு உடன்படிக்கையின் பட்டியலில் உள்ளது; அயல்நாட்டுக்கு அனுமதியின்றிக் கொண்டுபோக முடியாது. சித்த மருத்துவம் பேசும் சாலாமிசிரிக் கிழங்குக்காக இந்தியாவில் யூலோபியா இனங்கள் தோண்டப்படுகின்றன. நம் பக்கம் அதைவிடப் பெரிய ஆபத்து பெக்கோ இயந்திரம். காணி துப்புரவு என்று பற்றையை வேரோடு வாரி ஒரு மூலையில் குவித்து எரிக்கும்போது குமிழோடு அதன் பூஞ்சணமும் போய்விடுகிறது.

பிடுங்காமல் பெருக்க விதை இருக்கிறது. 1922இல் அமெரிக்கரான லூவிஸ் நட்சன் பூஞ்சணம் இல்லாமல் சர்க்கரைக் கூழில் விதையை முளைக்கவைத்துக் காட்டினார். இன்று ஆய்வுகூடங்களில் இலட்சக்கணக்கில் நாற்று எடுப்பது அந்த வழியில்தான். வீட்டில் அதற்கு வழியில்லை. பழைய தோட்டக்காரர்களின் வழி போதும். காய் மண்ணிறமாகி வெடிக்கத் தொடங்கும்போது தண்டை நறுக்கி, தாய்த் தொட்டியைச் சுற்றியும் வேலியோரத்துப் பற்றைக்குக் கீழேயும் மெதுவாகத் தட்டிவிடுங்கள். அந்த இடத்தை மண்வெட்டியால் கொத்தவோ சருகைக் கூட்டி எரிக்கவோ வேண்டாம். மிச்சமுள்ள வேலையை மாரியும் பூஞ்சணமும் பார்த்துக்கொள்ளும்.