உப்புச் சுரங்கமும் மலைக் கிராமமும்

உறவினரைக் காண ருமேனியா நாட்டின் குளூஜ் நகருக்குச் சென்றிருந்த நாம், சொந்தச் செலவில் வாடகைக் கார் அமர்த்தி, ஒரே நாளில் துர்தா உப்புச் சுரங்கத்தையும் ரிமேத்தியா என்னும் மலைக் கிராமத்தையும் கண்டு வந்தோம்.

சுரங்கத்தின் ருடால்ப் அறை 42 மீட்டர் ஆழமுடையது. 172 படிகள் இறங்கினோம். எந்த ஆண்டில் எம்மட்டம் வரை வெட்டினர் என்பது சுவரில் குறிக்கப்பட்டிருக்கிறது; பழைய பேரேட்டைப் புரட்டுவது போலிருந்தது. குதிரைகள் சுற்றிவந்து உப்பை மேலேற்றிய 1881-ஆம் ஆண்டு மரப்பொறி இன்றும் தன் இடத்திலேயே நிற்கிறது. 1932-இல் உப்பு வெட்டுவது நின்றது. ஆயினும் சுரங்கத்தைத் தூர்த்துவிடவில்லை. சிலகாலம் பாலாடைக்கட்டிக் கிடங்காயிருந்தது. 1992-இல் பார்வையாளருக்குத் திறக்கப்பட்டது.

ரிமேத்தியா, இரும்பு வெட்டி உருக்கி வாழ்ந்த ஊர். அத்தொழில் 19-ஆம் நூற்றாண்டில் நலிந்தது. வெண்சுவரும் பச்சைச் சன்னலும் கொண்ட வீடுகளே எஞ்சின. முகப்பை மாற்றுவதில்லை என வீட்டுக்காரர்கள் உடன்பட்டு, பழுதுபார்க்க ஆண்டுதோறும் சிறு உதவித்தொகை பெற்றனர். 1999-இல் ஐரோப்பிய மரபுக் காப்புப் பரிசு அவ்வூரை அடைந்தது. ஒரு வீட்டார் பிரிந்தாலும் தெருவின் அழகு குலையும். பெயரில் இல்லாவிடினும் அது கூட்டுறவே.

பயணத்திற்குமுன், நலிந்த நெசவாளர் சங்கமொன்றின் சொத்துப் பட்டியலில் 12 தறிகளையும் விறகு விலைக்கு மதிப்பிட்டுக் கையெழுத்திட்டவர் நாமே. திரும்பியதும் அக்கோப்பைக் கேட்டு வாங்கினோம். நல்லவேளையாகத் தறிகள் இன்னும் ஏலம் போகவில்லை. அவற்றில் எதை நெய்வது, எவருக்கு விற்பது என அங்கத்தினருடன் கலந்து பேச நாள் குறித்துள்ளோம்.